காலுக்கு ஒரு வாய்க்கால்

அறுபத்திரண்டு வயது வரையில் வெண்கலப் பானைக்கும் பித்தளைச் செம்புக்கும் வித்தியாசம் அறியாதவராக வாழ்ந்து வந்த நம் தமையனார், திடீரென்று பாத்திரக் கடைகளில் அளவற்ற சிரத்தை கொள்ளத் தொடங்கினார். கும்பகோணத்துக் கடைத்தெருவில் அவருடன் நடந்தால் நூறு கெஜத்துக்கு ஒரு கடை வாசலில் நின்று விடுவார். அடுக்குகளையும் குத்துவிளக்குகளையும் மூன்று நிமிஷ நேரம் உற்றுப் பார்ப்பார். கடைக்காரர் விலை சொல்ல வாயெடுக்கும் சமயத்தில் புறப்பட்டு விடுவார். மறுபடியும் நூறு கெஜம். மறுபடியும் ஒரு கடை. வீட்டில் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தோம். "பெண்ணுக்குக் கல்யாணம் ஆகிப் பத்து வருஷம் கழித்து உங்கள் அண்ணாவுக்குச் சீர்ப் பாத்திரத்தில் ஆசை பிறந்திருக்கிறது" என்று அண்ணியார் பரிகாசம் செய்தார்.

அவர் பாத்திரங்களைப் பார்க்கவே இல்லை என்பது எட்டு மாதங்களுக்குப் பிறகுதான் நமக்குத் தெரிய வந்தது. நடக்க ஆரம்பித்துச் சற்று நேரம் ஆனதும் வலது கெண்டைக்காலில் யாரோ கயிறு போட்டு முறுக்குவது போன்ற வலி கண்டிருக்கிறது. நின்றால் வலி தணிந்து விடும். நடந்தால் திரும்பவும் வரும். வலிக்கிறது என்று சொல்ல வெட்கப்பட்டு, கடை வாசல்களைச் சுமைதாங்கிக் கல்லாக உபயோகித்து வந்திருக்கிறார், பாவம்!

இந்த நோய்க்கு ஜெர்மானியர் பேச்சு வழக்கில் என்ன பெயர் வைத்திருக்கிறார்கள் என்று பின்னால் கேள்விப்பட்டபோது நமக்குத் தூக்கிவாரிப் போட்டது. 'கடைக் கண்ணாடி வியாதி' என்பது அதன் பொருள். ஜெர்மனியிலும் மனிதர்கள் வலியை மறைக்கக் கடை வாசலில் நிற்கிறார்கள் போலும்! வைத்திய நூல்களில் இதை முதலில் பதிவு செய்தது மனித வைத்தியர் அல்ல, பாரிஸ் நகரத்துக் குதிரை வைத்தியர் ஒருவர். பூலே என்ற அந்த மனிதர் 1831-ஆம் வருஷத்தில் ஒரு வண்டிக் குதிரையைப் பற்றி எழுதினார். அது கொஞ்ச தூரம் ஓடியதும் நொண்டும். ஓய்வு கொடுத்தால் சரியாகிவிடும். பின்னங்காலுக்குப் போகும் இரத்தக் குழாய் அடைபட்டிருந்ததே காரணம் என்று அவர் கண்டார். மனிதர்களுக்கும் அதுவே என்று ஷார்க்கோ என்ற புகழ்பெற்ற வைத்தியர் சொன்னது 1858-ல். நமது ஜட்கா வண்டிகள் ஓடிய காலத்தில் இத்தகைய குதிரைகளுக்குச் சாட்டைதான் சிகிச்சையாகக் கிடைத்திருக்கும்.

சங்கதி இதுதான். இருதயத்திலிருந்து சுத்த இரத்தத்தைச் சுமந்து செல்லும் குழாய்களுக்குத் தமனிகள் என்று பெயர். அடிவயிற்றில் இரண்டாகப் பிரிந்து, தொடையிடுக்கு வழியாகத் தொடைக்குள் இறங்கி, முழங்காலின் பின்புறம் சென்று, அதற்குக் கீழே மூன்று கிளைகளாகப் பிரிந்து பாதத்தை அடைகிறது காலின் தமனி. காவேரிப் பாசனத்தில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டுவதில்லை. ஆறு, வாய்க்கால், கன்னி வாய்க்கால் என்று பிரிந்து கடைமடை வயலுக்குத் தண்ணீர் போய்ச் சேருவது போலத்தான். வாய்க்காலில் வண்டல் படிந்தால் முதலில் வாடுவது எது? கடைமடைப் பயிர். தமனியின் உட்சுவரில் கொழுப்பும் சுண்ணாம்பும் படிந்து வழி குறுகினால் முதலில் வாடுவது கால் விரல். புகையிலையும் நீரிழிவும் இந்த வண்டலை விரைவாகப் படிய வைக்கும் இரு பெரும் எஜமானர்கள். இரத்தக் கொதிப்பும் கொழுப்பு மிகுதியும் அவர்களுடைய காரியஸ்தர்கள். தமையனார் நாற்பது வருஷமாகச் சுருட்டுப் பிடித்து வந்தவர். நீரிழிவு வந்து பதினோரு வருஷம் ஆகியிருந்தது.

நாம் செய்த தவற்றை இங்கே ஒப்புக்கொண்டு விடுகிறோம். வலி தெரிந்த பிறகும், "வாயுத் தொந்தரவு" என்று நாமே தீர்மானித்து, தைலம் தேய்த்துத் தவிட்டு ஒத்தடம் கொடுக்கும்படி சொன்னோம். பட்டதாரிகள் என்றால் எல்லாம் தெரியும் என்று நம் குடும்பங்களில் ஒரு நம்பிக்கை இருக்கிறது அல்லவா? அந்த நம்பிக்கைக்கு நாம் இடம் கொடுத்துவிட்டோம். நீரிழிவினால் பாதத்தில் உணர்ச்சி மங்கியிருந்த அவருக்குச் சூடு தெரியவில்லை. சுண்டு விரலில் கொப்புளம் கண்டது. இரத்தம் போகாத இடத்தில் புண் எப்படி ஆறும்? பத்து நாளில் விரல் கறுத்தது. இரவில் படுத்தால் பாதம் நெருப்பாய் எரிகிறது என்று, காலைக் கட்டிலுக்குக் கீழே தொங்கவிட்டுக்கொண்டு விடிய விடிய உட்கார்ந்திருப்பார். பூமியின் இழுப்பினால் கொஞ்சம் இரத்தம் கீழே இறங்குவதால் அப்படி ஓர் ஆறுதல் கிடைக்கிறதாம். நடக்கும்போது மட்டும் வலிப்பது ஒரு கட்டம். சும்மா இருக்கும்போதே வலிப்பதும் புண் ஆறாதிருப்பதும் மற்றொரு கட்டம். முதல் கட்டத்தில் உள்ளவர்களில் பெரும்பாலோருக்குக் கத்தியே வேண்டாம்: புகையிலையை விட்டு, மருந்து சாப்பிட்டு, வலி வரும் வரையில் நடந்து, நின்று, மறுபடி நடந்து பழகினாலே போதும். இரண்டாவது கட்டம் காலையே பறிக்கக்கூடியது. நாம் அவரை முதல் கட்டத்தில் அழைத்துப் போயிருக்க வேண்டும்.

பெரிய ஆஸ்பத்திரியில் டாக்டர் முதலில் செய்த பரீட்சைக்கு யந்திரமே தேவைப்படவில்லை. தொடையிடுக்கு, முழங்காலின் பின்புறம், கணுக்காலின் உட்புறம், பாதத்தின் மேற்புறம் ஆகிய நான்கு இடங்களில் விரல் வைத்து நாடி பார்த்தார். தொடையிடுக்கில் மாத்திரம் நாடி கிடைத்தது. கணுக்காலின் இரத்த அழுத்தத்தைக் கையின் இரத்த அழுத்தத்தால் வகுத்துப் பார்ப்பது அடுத்த பரீட்சை. ஆரோக்கியமான காலுக்கு இந்த ஈவு ஒன்றை ஒட்டி இருக்கும், 0.9-க்குக் கீழே போனால் நோய், 0.4-க்குக் கீழே போனால் கால் ஆபத்தில் இருக்கிறது என்று அர்த்தம். தமையனாருக்கு 0.36. நீரிழிவுக்காரர்களில் சிலருக்குத் தமனிச் சுவர் சுண்ணாம்பாய் இறுகிப் போயிருப்பதால், இந்தக் கணக்கு பொய்யாக நல்ல எண்ணைக் காட்டுவதும் உண்டாம். அப்போது கால் விரலின் அழுத்தத்தை அளக்கிறார்கள்.

"மூன்று வழிகள் இருக்கின்றன, ஐயா" என்றார் டாக்டர். "முழங்காலுக்குக் கீழே எடுத்துவிடுவது ஒன்று. குழாய்க்குள் கம்பியை விட்டுப் பலூனை ஊதி அடைப்பை விரிப்பது ஒன்று. அடைப்பை அப்படியே விட்டுவிட்டு, பக்கத்தில் புதுக் குழாய் தைப்பது ஒன்று."

தமையனார் நம் முகத்தைப் பார்த்தார். "தம்பி, வாய்க்கால் தூர்ந்து போனால் வயலையா விற்போம்?" என்று மட்டும் கேட்டார்.

பக்கத்தில் புது வாய்க்கால் வெட்டும் இந்த வித்தை எப்படி வந்தது என்பது ரஸமான கதை. 1894-ஆம் வருஷத்தில் பிரெஞ்சு ஜனாதிபதி ஸாதி கார்னோவை லியோன் நகரத்தில் ஒருவன் கத்தியால் குத்தினான். ஈரலுக்குப் போகும் பெரிய இரத்தக் குழாய் அறுபட்டது. அக்காலத்து வைத்தியர்களுக்கு அதைத் தைக்கத் தெரியவில்லை, ஜனாதிபதி இறந்தார். அந்நகரத்தில் வைத்தியம் கற்றுக்கொண்டிருந்த அலெக்ஸிஸ் கரெல் என்ற வாலிபர், துணியைத் தைக்க முடியுமானால் இரத்தக் குழாயை ஏன் தைக்க முடியாது என்று யோசித்தார். அதற்காக அவர் யாரிடம் பாடம் கேட்டார் தெரியுமா? பட்டுத் துணியில் பூவேலை செய்யும் ஒரு பெண்மணியிடம்! மெல்லிய ஊசியும் மெல்லிய பட்டு நூலும் கொண்டு, குழாயின் வாயை மூன்று இடங்களில் இழுத்துப் பிடித்து, வட்டத்தை முக்கோணமாக்கிக்கொண்டு தைக்கும் முறையை 1902-ல் வெளியிட்டார். 1912-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. நம் வீட்டுப் பெண்களின் தையல் வேலையைப் பொழுதுபோக்கு என்று நினைப்பவர்கள் இதைக் கவனிப்பார்களாக.

தைக்கத் தெரிந்தால் போதுமா? தைத்த இடத்தில் இரத்தம் உறைந்து விடுகிறதே! 1916-ல் அமெரிக்காவில் பால்டிமோர் நகரத்து வைத்திய மாணவர் ஒருவர் நாயின் ஈரலில் தற்செயலாகக் கண்ட பொருளிலிருந்து, இரத்தம் உறையாமல் தடுக்கும் ஹெப்பாரின் என்ற மருந்து பிறந்தது. அதைச் சுத்தம் செய்து மனிதருக்குக் கொடுக்க மேலும் இருபது வருஷங்கள் பிடித்தன. பிறகு 1948-ஆம் வருஷம் ஜூன் மாதத்தில், பாரிஸில் ழான் குன்லின் என்ற ரண வைத்தியர், ஒரு நோயாளியின் காலிலிருந்தே தோலடிச் சிரை ஒன்றை எடுத்து, அடைப்புக்கு மேலே ஒரு முனையையும் கீழே மறு முனையையும் தமனியின் பக்கவாட்டில் தைத்தார். இரத்தம் அடைப்பைச் சுற்றிக்கொண்டு பாதத்துக்குப் போயிற்று. பக்கவாட்டில் தைத்ததில் ஒரு சூட்சுமம் உண்டு. பழைய தமனியையும் அதன் சிறு கிளைகளையும் வெட்டாமல் விட்டதால், அவை மூலம் கசிந்து வந்த கொஞ்சநஞ்ச இரத்தமும் வீணாகவில்லை.

அதே ஜூன் மாதத்தில்தான் பிரிட்டிஷ் மன்னர் ஆறாம் ஜார்ஜ் 'இந்தியாவின் சக்கரவர்த்தி' என்ற பட்டத்தைச் சட்டப்படி துறந்தார். அந்த வருஷத்திலேயே அவருக்கும் இதே நோய் கண்டது. மகா சிகரெட் பிரியர். புது வித்தை அரண்மனையை எட்டவில்லை. 1949 மார்ச்சில் பக்கிங்ஹாம் அரண்மனையிலேயே அவருக்கு நடந்த சிகிச்சை, இரத்தக் குழாய்களைச் சுருக்கும் நரம்பை இடுப்பருகில் அறுத்து விடுவது. சூரியன் மறையாத சாம்ராஜ்யத்துக்கு அதிபதியாக இருந்தவருக்குக் கிடைக்காத புது வாய்க்கால், பாரிஸில் ஒரு சாதாரண நோயாளிக்குக் கிடைத்தது!

பலூன் வைத்தியத்தின் ஆதி புருஷர் சார்லஸ் டாட்டர் என்ற அமெரிக்கர். 1964 ஜனவரியில், போர்ட்லண்டு நகரத்தில், காலை வெட்டச் சம்மதிக்காத 82 வயது மூதாட்டி ஒருவருக்குத் தோல் வழியாகவே குழாய்களைச் செலுத்தித் தமனியின் குறுகலை விரித்தார். அந்த அம்மாள் இறக்கும் வரையில் சொந்தக் காலிலேயே நடந்தார்.

கத்தியா, பலூனா என்ற வழக்கு இன்னும் முற்றாகத் தீர்ந்துவிடவில்லை. 1,830 நோயாளிகளைக் கொண்டு நடத்தி 2022-ல் வெளியிட்ட ஓர் ஆராய்ச்சியில், நல்ல சிரை முழு நீளத்துக்குக் கிடைத்தவர்களுக்குக் கத்தியே மேல் என்று ஏற்பட்டது. அவர்களில், காலுக்குப் பெரிய கேடோ மரணமோ நேர்ந்தவர்கள் கத்தி வைத்த பிரிவில் நூற்றுக்கு 43 பேர். பலூன் பிரிவில் 57 பேர். ஆனால் மறு வருஷமே பிரிட்டனை முக்கியமாகக் கொண்டு 345 பேரிடம் நடந்த ஆராய்ச்சி வேறு விதமாகச் சொல்லிற்று. முழங்காலுக்குக் கீழுள்ள சிறு தமனிகளில் அடைப்பு உள்ளவர்களுக்குப் பலூன்தான் நல்லது என்றது: கால் போனவர்களும் இறந்தவர்களும் சேர்ந்து அதில் 53 சதவிகிதம், கத்திப் பிரிவில் 63. ஆகையால் பக்கத்து வீட்டுக்காரருக்குச் செய்ததையே நமக்கும் செய்யச் சொல்லிக் கேட்பதில் அர்த்தமில்லை. அடைப்பு எங்கே, எவ்வளவு நீளம், நல்ல சிரை இருக்கிறதா, இருதயம் தாங்குமா என்பவற்றைப் பார்த்து டாக்டர்தான் சொல்ல வேண்டும். தமையனாருக்குத் தொடையில் ஒரு சாண் நீளத்துக்கு அடைப்பு. காலில் நல்ல சிரை இருந்தது. கத்தி என்று முடிவாயிற்று.

சம்மதப் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் டாக்டர் அரை மணி நேரம் அபாயங்களைப் பற்றிப் பேசினார். அண்ணியார் காதைப் பொத்திக்கொண்டார். நாம் நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கொண்டோம், உபாத்தியாயர் புத்தி!

நாம் எதிர்பாராத முதல் விஷயம்: இந்தச் சிகிச்சையில் உயிருக்கு வரும் பெரிய அபாயம் காலிலிருந்து வருவதில்லை, இருதயத்திலிருந்து வருகிறது. கால் தமனியில் படிந்த வண்டல் இருதயத் தமனியை மட்டும் விட்டுவைத்திருக்குமா? அமெரிக்காவிலும் கனடாவிலுமாகச் சேர்ந்து, கால் போகும் நிலையில் இருந்த 1,404 பேருக்குச் சிரை கொண்டு இச்சிகிச்சை செய்து 2006-ல் வெளியிட்ட கணக்கு ஒன்றை அவர் காட்டினார. முதல் முப்பது நாளில் இறந்தவர்கள் நூற்றுக்கு 2.7 பேர். மாரடைப்பு வந்தவர்கள் 4.7 பேர். புதுக் குழாய் அடைத்துப் போனவர்கள் 5.2 பேர். ஓராண்டு முடிவில் கால் தப்பியவர்கள் 88 பேர்.

மற்ற அபாயங்களும் உண்டு. தொடையிடுக்குப் புண்ணில் சீழ் வைக்கலாம். நீரிழிவுக்காரர்களுக்கும் பருமனானவர்களுக்கும் இது அதிகம். அவ்விடத்தில் நிணநீர்க் குழாய்கள் மிகுதியாதலால் அவை அறுபட்டுத் தெளிந்த நீர் நாட்கணக்கில் கசியலாம். இரத்தம் பெருகலாம். படம் எடுப்பதற்காகச் செலுத்தும் சாய மருந்தினால் சிறுநீரகம் களைத்துப் போகலாம். தோலடி நரம்பு நலிவதால் முழங்காலுக்குக் கீழே உட்புறம் மரத்துப் போகலாம். இதனால் தொந்தரவே தவிர ஆபத்தில்லை. விசித்திரமான இன்னொரு அபாயமும் இருக்கிறது. வெகு நாள் பட்டினி கிடந்த தசைக்குத் திடீரென்று இரத்தம் பாய்ந்தால் அது வீங்குகிறது. கெண்டைக்காலின் தசைகளோ விரிந்து கொடுக்காத உறைகளுக்குள் அடைபட்டவை. வீக்கம் மிஞ்சினால் வந்த இரத்தத்தையே அது நெரித்து விடும். கெண்டைக்கால் கல்லாக இறுகி, விரலை அசைத்தாலே தாங்க முடியாத வலி எடுத்தால், உடனே அந்த உறையைக் கீறி விட்டாக வேண்டும். பட்டினி கிடந்தவனுக்குக் கஞ்சியைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடு என்று நம் பாட்டிமார்கள் சொன்னது நினைவுக்கு வந்தது.

ரண சிகிச்சை நான்கரை மணி நேரம் நடந்தது. முதுகில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரக்க வைத்தார்கள். சிரையை எடுத்துத் தலைகீழாகத் திருப்பித் தைத்ததாக டாக்டர் சொன்னார். ஏன் தலைகீழாக? சிரைக்குள் வழி நெடுகச் சிறு கதவுகள் உண்டு. இரத்தத்தை இருதயத்தின் பக்கம் மாத்திரம் போக விட்டு, கீழே இறங்க விடாமல் தடுக்கும் கதவுகள். சிரையைத் திருப்பி வைத்தால் அதே கதவுகள் பாதத்தின் பக்கம் திறந்து கொடுக்கின்றன. திருப்பாமலே வைத்து, உள்ளே ஒரு சிறு கத்தியை விட்டுக் கதவுகளை அறுத்து விடும் முறையும் உண்டு. நல்ல சிரை கிடைக்காதவர்களுக்குச் செயற்கைக் குழாய் வைக்கிறார்கள். ஆனால் முழங்காலுக்குக் கீழே போகப் போக அது சிரைக்கு ஈடாவதில்லை.

அன்றிரவு ஒரு நர்ஸ் மணிக்கு ஒரு தடவை வந்து, பேனாவைப் போன்ற ஒரு கருவியைப் பாதத்தின் மேல் வைத்தார். அதிலிருந்து 'சளக், சளக்' என்று சப்தம் வந்தது. இரத்தம் ஓடும் சப்தம்! மதகு திறந்தவுடன் வாய்க்காலில் தண்ணீர் பாயும் சப்தத்தை அப்படியே ஒத்திருந்தது. எத்தனையோ சங்கீத சபைகளில் உட்கார்ந்திருக்கிறோம். இவ்வளவு காதைத் தீட்டிக்கொண்டு எதையும் நாம் கேட்டதில்லை.

இரண்டாம் நாள் இரவு பதினொரு மணிக்கு அந்தச் சப்தம் நின்று விட்டது.

நர்ஸ் கருவியை இப்படியும் அப்படியும் நகர்த்தினார். பாதத்தைத் தொட்டார். நாமும் தொட்டோம், மார்கழி மாதத்துக் கல் போலச் சில்லிட்டிருந்தது. விரல்கள் வெளுத்திருந்தன. "மரத்துப் போகிறது, தம்பி" என்றார் தமையனார். அந்த அம்மாள் ஒரு நிமிஷமும் வீணாக்கவில்லை. முக்கால் மணியில் டாக்டர் வந்தார். இரத்தம் அறவே நின்றால் தசையும் நரம்பும் ஏறக்குறைய ஆறு மணி நேரத்துக்கு மேல் தாங்குவதில்லை. நள்ளிரவில் மறுபடியும் திறந்து, உறைந்த இரத்தத்தை எடுத்து, கீழ்த் தையலில் இருந்த ஒரு சுருக்கத்தைப் பிரித்துத் திரும்பத் தைத்தார்கள். நூற்றுக்கு ஐந்து பேர் என்று நாம் நோட்டில் எழுதிக்கொண்டோமே, அந்த ஐவரில் ஒருவர் நம் வீட்டுக்காரராக இருப்பார் என்று எழுதும்போது தோன்றவில்லை. காலை நான்கு மணிக்கு 'சளக், சளக்' திரும்பி வந்தது. அண்ணியார் வராந்தாவிலேயே தரையில் உட்கார்ந்து அழுதார்.

ஒன்பதாம் நாள் வீட்டுக்கு வந்தோம். கறுத்த சுண்டு விரலை அதற்குள் எடுத்து விட்டார்கள். இரத்தம் வந்து சேர்ந்ததால் அந்தப் புண் ஆறத் தொடங்கியிருந்தது. ஆனால் கால் முழங்கால் வரையில் பூசணிக்காய் போல வீங்கியிருந்தது. பார்க்க வந்த உறவினர்கள் எல்லாம் "ஆபரேஷன் கெட்டுப் போய்விட்டது" என்று தீர்ப்பளித்துவிட்டுக் காப்பி சாப்பிட்டுப் போனார்கள். நோயாளி வீட்டுக்கு வருகிறவர்கள் வாயைத் திண்ணையிலேயே வைத்துவிட்டு வந்தால் எவ்வளவு நன்றாயிருக்கும்! வீக்கம் எதிர்பார்க்க வேண்டியதே. இரண்டு மூன்று மாதங்கள் வரையிலும் இருக்கலாம் என்று டாக்டர் முன்பே சொல்லியிருந்தார். உட்காரும்போது காலைத் தொங்கவிடாமல் முக்காலியின் மேல் வைத்துக்கொள்வதும், அடிக்கடி எழுந்து சிறிது தூரம் நடப்பதும்தான் மருந்து. இறுக்கும் காலுறையை டாக்டரைக் கேளாமல் மாட்டிவிடக் கூடாது. புதுக் குழாயை அது நெரித்துவிடலாம்.

நம்மவர்களுக்கு இதில் பெரிய கஷ்டம், தரையில் உட்காருவது. சம்மணம் கூட்டுவதும் குந்துவதும் முழங்காலை மடக்கி வெகு நேரம் வைப்பதும் ஆகாது என்று விட்டார்கள். அறுபது வருஷம் தலைவாழை இலைக்கு முன் சம்மணமிட்டவர் மேஜைக்கு மாறினார். "கல்யாணப் பந்தியில் கடைசிப் பேர்வழியாய்த் தனி நாற்காலியில் உட்கார வேண்டியதுதானா?" என்று அலுத்துக்கொண்டார். குளியலறையில் பலகை போடப்பட்டது. வீட்டுக்குள்ளும் செருப்பு அணிவதுதான் எல்லாவற்றிலும் கடினமாயிருந்தது. பூஜை அறை வாசல் வரை செருப்பா என்று அண்ணியார் மனம் பதறினார். கடைசியில் வெளியே ஒரு தடவையும் எட்டாத புதுத் துணிச் செருப்பு ஒன்று வாங்கினோம். நீரிழிவுக்காரரின் பாதத்தில் முள் தைத்தாலும் தெரியாது. ஆகையால் தினமும் இரவில் பாதத்தைக் கழுவி, விரலிடுக்குகளைத் துடைத்து, விளக்கடியில் வைத்துப் பார்க்கும் வேலை பேத்தியுடையதாயிற்று. பத்து வயதுக் குழந்தை. தாத்தாவின் ஒன்பது விரல்களையும் வாய்விட்டு எண்ணிவிட்டுத்தான் படுக்கப் போகும்.

தொடையிடுக்கில் மூன்று வாரம் நீர் கசிந்தது. சுத்தமான துணி கட்டி, கையை அலம்பாமல் தொடாமல் காத்ததில் அது தானே நின்றது. ஆறாவது வாரம் கடைக்கு நடந்தார். பசி திரும்பியது மூன்றாவது மாதத்தில்தான். மனத்தளர்ச்சியை யாரும் முன்னால் சொல்லியிருக்கவில்லை. நான்காவது வாரத்தில் சில நாட்கள் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டு ஒருவரோடும் பேசாமல் இருந்தார். பெரிய ரண சிகிச்சைக்குப் பின் இது பலருக்கும் வருவதாம்.

மாத்திரைகள் ஆயுள் பரியந்தம். இரத்தம் உறையாமல் தடுக்க ஆஸ்பிரின் ஒன்று. கொழுப்பைக் குறைக்கும் மாத்திரை ஒன்று. சர்க்கரைக்கும் இரத்தக் கொதிப்பிற்கும் தனி. ஆஸ்பிரினோடு ரிவராக்ஸபன் என்ற மருந்தைச் சிறு அளவில் சேர்த்துக் கொடுத்தால் கால் தமனிச் சிகிச்சைக்குப் பின் அடைப்பு குறைகிறது என்று 2020-ல் ஒரு பெரிய ஆராய்ச்சி காட்டியது; ஆனால் இரத்தப் பெருக்கு கொஞ்சம் கூடுகிறது. பல் பிடுங்கப் போனாலும், யார் சொன்னாலும், டாக்டரைக் கேளாமல் இவற்றை நிறுத்தக் கூடாது. ஒரு நாள் தமையனார் வயிற்றெரிச்சல் என்று ஆஸ்பிரினைத் தாமாகவே விட்டுவிட்டார். அன்றைக்கு வீட்டில் நடந்த சண்டையை இங்கே விவரிக்கப் போவதில்லை.

சுருட்டு விஷயத்துக்கு வருவோம். சிகிச்சைக்குப் பிறகும் புகை பிடிக்கிறவர்களின் புதுக் குழாய்கள், பிடிக்காதவர்களுடையதைப் போல மூன்று மடங்கு கெட்டுப் போகின்றன என்று பல ஆராய்ச்சிகளை ஒன்று சேர்த்துப் பார்த்து 2005-ல் கணித்திருக்கிறார்கள். இதை நாம் அவரிடம் கம்பீரமாக எடுத்துச் சொன்னோம். அவர் நம் சட்டைப் பையை விரலால் சுட்டிக் காட்டினார். பையில் இருந்தது பொடி டப்பி. பதினெட்டு வருஷப் பழக்கம். வகுப்புக்கு வகுப்பு ஒரு சிட்டிகை. "அது மூக்கு, இது கால்" என்று வாதாடிப் பார்த்தோம். "புகையிலைக்கு அந்த வித்தியாசம் தெரியுமா, தம்பி?" என்றார். மறுநாள் காலையில் சுருட்டுக் கட்டும் பொடி டப்பியும் ஒன்றாகக் குப்பைத் தொட்டிக்குப் போயின. பதினைந்து நாள் நம்மிடம் பாடம் கேட்ட பிள்ளைகள் பட்ட பாட்டை அவர்களே சொல்ல வேண்டும்!

புது வாய்க்கால் ஒரு தடவை வெட்டினால் போதாது, மராமத்து வேண்டும். சிரை என்பது மெல்லிய அழுத்தத்துக்காக ஏற்பட்டது. அதைத் தமனியின் அழுத்தத்தில் நிறுத்தினால் உட்சுவர் தடிக்கிறது. சிலருக்கு அளவுக்கு மீறித் தடித்து வழி குறுகுகிறது. இது பெரும்பாலும் முதல் இரண்டு வருஷங்களுக்குள் நேருவது. ஆகையால்தான் ஒரு மாதம், மூன்று மாதம், ஆறு மாதம், ஒரு வருஷம் என்று தவணை வைத்து ஒலி அலைக் கருவியால் குழாயைப் பார்க்கிறார்கள். முன் சொன்ன 1,404 பேர் கணக்கில், ஓராண்டு வரையில் ஒரு கையும் படாமல் ஓடிய குழாய்கள் நூற்றுக்கு 61. இடையில் மராமத்து செய்தவற்றையும் சேர்த்தால் 80. வலி இல்லையே என்று தவணைக்குப் போகாமல் இருந்தால் அந்த வித்தியாசத்தில் விழ வேண்டியதுதான். தமையனாருக்கு ஆறாம் மாதப் பரீட்சையில், நடுவில் ஓரிடம் குறுகியிருப்பது தெரிந்தது. அவருக்கு வலியும் இல்லை, ஒன்றும் இல்லை. பலூன் வைத்து விரித்தார்கள். மறுநாளே வீடு திரும்பினார். கத்தியும் பலூனும் ஒன்றுக்கொன்று சத்துரு என்று நாம் நினைத்திருந்தது அன்றோடு போயிற்று.

வீட்டில் இப்படி ஒருவர் இருப்பவர்கள் இதை மாத்திரம் நினைவில் வைத்துக்கொள்ளட்டும்: சிகிச்சை செய்த கால் திடீரென்று சில்லிட்டாலோ, வெளுத்தாலோ, நீலம் பாரித்தாலோ, மரத்தாலோ, காலை வரையில் காத்திருக்க வேண்டாம், வண்டி வைத்து உடனே புறப்படுங்கள். புண்ணிலிருந்து இரத்தம் வேகமாக வந்தால் சுத்தமான துணியை வைத்து அழுத்திக்கொண்டே புறப்படுங்கள். மார்பு வலியும் மூச்சுத் திணறலும் அப்படியே.

இப்போது பதினான்கு மாதம் ஆகிறது. தினமும் மாலையில் தமையனார் வீட்டு வாசலிலிருந்து மகாமகக் குளம் வரையில் நடந்து போய்த் திரும்புகிறார். வழியிலுள்ள விளக்குக் கம்பங்களை எண்ணுவது வழக்கம். ஆரம்பத்தில் மூன்றாவது கம்பத்தில் நிற்பார். நேற்று இருபத்திரண்டு கம்பங்களையும் நிற்காமல் கடந்தார். கடைத்தெருவில் நம் பழைய பாத்திரக் கடைக்காரர் அவரைக் கண்டு, "என்ன ஐயா, இப்போதெல்லாம் நம் கடைப் பக்கம் நிற்பதே இல்லையே?" என்று குறைப்பட்டுக்கொண்டார். தமையனார் உள்ளே போய், நாற்காலியில் உட்கார்ந்து, பேரம் பேசாமல் ஒரு பித்தளைச் செம்பு வாங்கிக்கொண்டு வந்தார்.